வாய்க்காலைக் குடத்தில் கொண்டுபோக முடியுமா?

பிளஸ் டூ முடித்துவிட்டுக் கல்லூரிக்குக் காத்திருந்த என் அண்ணன் மகள், கோடை முழுக்க நீடாமங்கலத்தில் எங்கள் வீட்டில்தான் இருந்தாள். ஒருநாள் ராத்திரி என் போனில் ஒரு பழைய ஆங்கிலப் படம் பார்த்துக்கொண்டிருந்தாள். பெயர் ‘ஹௌசர்ஸ் மெமரி’. தியேட்டருக்காக எடுத்த படம் இல்லை. 1970 நவம்பரில் அமெரிக்காவின் என்.பி.சி. தொலைக்காட்சியில் வந்தது. கர்ட் சியோட்மாக் எழுதிய நாவல்தான் கதை.

சாகக் கிடக்கும் ஒரு விஞ்ஞானியின் தலைக்குள் ராணுவ ரகசியங்கள் இருக்கின்றன. ஆள் போய்விட்டால் ரகசியமும் போய்விடும். அதனால் அவருடைய மூளையிலிருந்து எடுத்ததை இன்னொருவர் உடம்பில் ஊசியாகப் போட்டுப் பார்க்கலாம் என்று திட்டமிடுகிறார்கள். டேவிட் மெக்கல்லம் நடித்த இளம் விஞ்ஞானி அந்த ஊசியைத் தனக்கே போட்டுக்கொள்கிறார். அப்புறம் ரகசியம் மட்டுமா வருகிறது? செத்தவரின் பாசம், பகை, பழைய கணக்கு எல்லாமே கூட வந்து ஏறிக்கொள்கின்றன.

படம் முடிந்ததும் அவள் என்னைப் பார்க்கவில்லை. திண்ணையில் படுத்திருந்த என் அப்பாவைப் பார்த்தாள். “அத்தை, தாத்தாவோட ஞாபகத்தையும் இப்படி எடுத்து வச்சுக்க முடியுமா?”

அப்பா பொதுப்பணித்துறையில் லஸ்கராக இருந்தவர். ஆற்றில் தண்ணீர் வரும் காலமெல்லாம் ஷட்டரை ஏற்றி இறக்கி, எந்த வாய்க்காலுக்கு எவ்வளவு என்று பார்த்து விடுவதுதான் அவருடைய வேலை. இந்தப் பக்கத்து மதகுகள், மடைகள், எந்த ஊர்க்காரர்கள் எப்போது சண்டைக்கு வருவார்கள் என்பது வரை எல்லாம் அவருக்கு மனப்பாடம். மூன்று வருடமாக மறதி நோய். காலையில் சாப்பிட்டது நினைவில் இருப்பதில்லை. சில நாள் நான் யார் என்பதும் தெரிவதில்லை. அவள் விளையாட்டாகக் கேட்கவில்லை. நான் பள்ளியில் விலங்கியல் எடுப்பவள். இருந்தும் அவளுக்கு ஒழுங்காகப் பதில் சொல்ல நாலு நாள் ஆனது. அந்தப் பதிலைத்தான் இங்கே எழுதுகிறேன்.

முதலில் ஒன்று. அந்தப் படத்தை எடுத்தவர்கள் வாய்க்கு வந்தபடி கதை விடவில்லை. அந்தக் காலத்தில் ஆய்வுக்கூடங்களில் இதை உண்மையாகவே செய்து பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

1953-இல் வாட்சனும் கிரிக்கும் டி.என்.ஏ.வின் வடிவத்தைக் கண்டுபிடித்த பிறகு, விஞ்ஞானிகளுக்கு ஒரு புது நம்பிக்கை பிறந்தது. மூக்கு எப்படி இருக்க வேண்டும், முடி எப்படிச் சுருள வேண்டும் என்பதையெல்லாம் ஒரு மூலக்கூறில் எழுதி வைக்க முடிகிறதென்றால், நேற்று நடந்ததையும் ஏதோ ஒரு மூலக்கூறில் எழுதி வைத்திருக்கலாமே? டி.என்.ஏ.வின் கட்டளைகளைச் செல்லுக்குள் எடுத்துப் போகும் ஆர்.என்.ஏ. மேல் சந்தேகம் விழுந்தது. ஸ்வீடனில் ஹோல்கர் ஹைடன் என்பவர், ஒரு வேலையைக் கற்றுக்கொண்ட எலிகளின் நரம்புச் செல்களில் ஆர்.என்.ஏ. மாறியிருப்பதாகச் சொன்னார்.

அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஜேம்ஸ் மெக்கானல் தட்டைப்புழுக்களை வைத்து ஆராய்ந்தார். பிளனேரியா என்று பாடப்புத்தகத்தில் வரும் அதே புழு. இரண்டாக வெட்டினால் இரண்டு துண்டும் முழுப் புழுவாக வளரும். வெளிச்சம் போட்டுவிட்டு உடனே லேசாக மின்சாரம் பாய்ச்சினால் புழு சுருங்கும். திரும்பத் திரும்பச் செய்தால், மின்சாரம் இல்லாமல் வெளிச்சத்துக்கே சுருங்கப் பழகிவிடும். பழக்கிய புழுக்களை நறுக்கி, பழக்காத புழுக்களுக்குத் தீனியாகப் போட்டார். தின்ற புழுக்கள் வெளிச்சத்துக்குச் சீக்கிரமே சுருங்கின என்று 1962-இல் வெளியிட்டார். ஞாபகத்தைச் சாப்பிட முடியும் என்று உலகம் முழுக்கப் பேச்சானது.

அடுத்து எலிகள். எலிக்கு இருட்டுதான் பிடிக்கும். ஹூஸ்டனில் ஜார்ஜ் உங்கர் என்ற விஞ்ஞானி, இருட்டுப் பெட்டிக்குள் போனால் மின்சாரம் தாக்கும்படி வைத்து, எலிகளை இருட்டுக்குப் பயப்பட வைத்தார். அவற்றின் மூளைச் சாற்றை வேறு விலங்குகளுக்கு ஊசியில் ஏற்றினால் அவையும் இருட்டைக் கண்டு ஒதுங்குகின்றன என்றார். ஆயிரக்கணக்கான எலிகளின் மூளையைப் பிழிந்து, அதற்குக் காரணமான பொருளைப் பிரித்துவிட்டதாகவும் சொன்னார். அது பதினைந்து அமினோ அமிலம் கோத்த சின்னச் சங்கிலி. அதற்கு ‘ஸ்கோட்டோபோபின்’ என்று பெயரும் வைத்தார். இருட்டுப் பயம் என்று பொருள்படும் கிரேக்கச் சொற்களிலிருந்து வந்த பெயர் அது. 1972-இல் ‘நேச்சர்’ இதழ் அந்தக் கட்டுரையை வெளியிட்டது. கூடவே, கட்டுரையைச் சரிபார்த்தவர் எழுதிய நீண்ட மறுப்பையும் போட்டது.

இதெல்லாம் நிற்கவில்லை. அறிவியலில் ஒருவர் கண்டது இன்னொருவர் கைக்கும் வர வேண்டும். 1966-இலேயே 23 விஞ்ஞானிகள் சேர்ந்து, மூளைச் சாற்றை ஊசியில் ஏற்றி எலிக்கு எலி நினைவை மாற்றும் சோதனை எங்களுக்கு வரவில்லை என்று ‘சயின்ஸ்’ இதழில் எழுதினார்கள். புழு விஷயத்திலும் ஓட்டை தெரிந்தது. எந்தப் பாடமும் கற்காமல், சும்மா வெளிச்சத்தை மட்டும் பார்த்த புழுக்களைத் தின்றவையும் சீக்கிரம் பழகின. ஆக, தின்ற புழுவுக்குள் போனது பாடமா, வெறும் பதற்றமா என்று சொல்ல முடியவில்லை. உங்கர் 1977-இல் இறந்தார். அதோடு அந்தத் துறையும் ஏறக்குறைய ஓய்ந்தது. இந்த விஞ்ஞானிகளை ஏமாற்றுக்காரர்கள் என்று நான் ஒருநாளும் சொல்ல மாட்டேன். கேட்க வேண்டிய கேள்வியைத்தான் கேட்டார்கள்.

சரி, ஞாபகம் சாற்றில் இல்லை என்றால் வேறு எங்கே இருக்கிறது?

இதற்கு நான் அவளைச் சைக்கிளில் உட்கார வைத்து மூணாறு தலைப்புக்கே கூட்டிப்போனேன். எங்கள் ஊரை ஒட்டித்தான் இருக்கிறது. வெண்ணாறு அங்கே வந்து வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று மூன்றாகப் பிரிகிறது. கோடைக்காலம், ஆறு காய்ந்து மணலாகக் கிடந்தது. தண்ணீர் இல்லாத நேரத்தில்தான் ஆற்றின் கட்டமைப்பு நன்றாகத் தெரியும்.

மேட்டூரில் திறக்கும் தண்ணீர் முக்கொம்பு, கல்லணை தாண்டி இங்கே வரும்போதும் ஒரே தண்ணீர்தான். ஒரு குடம் மொண்டு பார்த்தால், இது மன்னார்குடிப் பக்கம் போகிற தண்ணீரா, திருத்துறைப்பூண்டிப் பக்கம் போகிற தண்ணீரா என்று யாராலும் சொல்ல முடியாது. எந்த வயல் நனையும், எது காயும் என்பதைத் தீர்மானிப்பது ஆறும் வாய்க்காலும் மடையும் ஒன்றோடொன்று எப்படி இணைந்திருக்கின்றன, ஒவ்வொன்றும் எவ்வளவு அகலம், எந்த ஷட்டர் எவ்வளவு தூக்கியிருக்கிறது என்பதுதான்.

மூளையும் ஏறக்குறைய இப்படித்தான். மனித மூளையில் சுமார் 8,600 கோடி நரம்புச் செல்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் ஆயிரக்கணக்கான மற்றச் செல்களோடு தொட்டும் தொடாமலும் இணைந்திருக்கிறது. அந்த இணைப்பிடத்துக்கு சினாப்ஸ் என்று பெயர். அதை மடை என்று வைத்துக்கொள்ளலாம். ஒரு செல்லில் ஓடிவரும் மின் துடிப்பு அங்கே வந்ததும் ரசாயனமாக மாறி, மெல்லிய இடைவெளியைத் தாண்டி அடுத்த செல்லைத் தட்டும். சில மடைகள் அகலமானவை, லேசாக வந்தாலும் தண்ணீர் தாராளமாகப் பாயும். சில குறுகலானவை.

ஒன்றாகச் சேர்ந்து துடிக்கும் செல்களுக்கு இடையில் இணைப்பு வலுப்படும் என்று 1949-இல் டொனால்ட் ஹெப் எழுதினார். 1973-இல் பிளிஸ், லோமோ என்ற இருவர் முயலின் மூளையில் இதைக் கண்ணால் பார்க்கும்படி காட்டினார்கள். ஒரு பாதையில் வேகமாகத் துடிப்புகளை அனுப்பிவிட்டுச் சற்றுப் பொறுத்துப் பார்த்தால், அதே பாதையில் முன்பைவிட அதிகமாகப் பாய்கிறது. மணிக்கணக்காக அந்த மாற்றம் நிற்கிறது. தண்ணீர் ஓட ஓட மடை அகலமாவது மாதிரி. ஓடாவிட்டால்? ஜூன் 12-இல் மேட்டூர் திறப்பதற்கு முன்னால் ஏன் தூர் வாருகிறோம் என்று டெல்டாக்காரர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இந்த உவமை ஓரிடத்தில் பொருந்தாது, அதையும் சொல்லிவிடுகிறேன். வாய்க்காலை வெட்ட மண்வெட்டியோடு ஆள் வர வேண்டும். மூளையில் ஓடும் துடிப்பே தனக்கான வாய்க்காலை வெட்டிக்கொள்கிறது. வெட்டியதைத் திரும்ப நிரவவும் செய்கிறது.

ஆக, ‘பாட்டி வீட்டு மாட்டுக்கொட்டகை’ என்ற ஞாபகம் ஒரு செல்லிலோ, ஒரு துளியிலோ இல்லை. எங்கெங்கோ இருக்கும் ஆயிரக்கணக்கான செல்கள் ஒரே முறையில் சேர்ந்து துடிக்கும்படி அமைந்த இணைப்புகள்தான் அது. இந்தத் தடத்துக்கு எங்கிராம் என்று பெயர். 1904-இல் ரிச்சர்ட் செமோன் வைத்த பெயர் அது. நெடுங்காலம் வெறும் பெயராகவே இருந்தது. பிறகு அமெரிக்காவின் எம்.ஐ.டி.யில் சுசுமு டோனெகாவாவின் ஆய்வுக்கூடத்தில், ஒரு பெட்டிக்குள் சுண்டெலி பயந்தபோது வேலை செய்த செல்களை மட்டும் அடையாளம் வைத்தார்கள். வேறொரு பெட்டியில், பயப்படக் காரணமே இல்லாத இடத்தில், அந்தச் செல்களை மட்டும் ஒளியால் தூண்டினார்கள். எலி அப்படியே உறைந்து நின்றது. இது 2012-இல். மறுவருடம், நடக்காத ஒன்றை நடந்ததாக எலி நினைக்கும்படியும் செய்து காட்டினார்கள். எனக்கு இதைப் படித்தபோது உடம்பு சிலிர்த்தது. ஆனாலும் கவனியுங்கள்: அந்த எலியின் மதகை அந்த எலிக்குள்ளேயே திறந்தார்கள். மதகைப் பெயர்த்து வேறு ஊருக்கு எடுத்துப்போகவில்லை.

“அப்போ படத்துல வர்ற ஊசி சுத்தப் பொய்யா?” என்றாள். முழுக்க அப்படிச் சொல்ல முடியாதபடி 2018-இல் ஒன்று நடந்தது.

கடல் முயல் என்று ஒரு கடல் நத்தை வகை உண்டு. அப்ளிசியா. மூளையைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் கணிசமான பங்கு இந்த உயிரி தந்தது. சுமார் 20,000 நரம்புச் செல்கள்தான் அதற்கு, அவையும் பெரியவை. எரிக் கண்டேல் இதை வைத்து நினைவை ஆராய்ந்து 2000-ஆம் ஆண்டு நோபல் பரிசு பெற்றார். கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சல்ஸ் வளாகத்தில் டேவிட் கிளான்ஸ்மன் இந்தக் கடல் முயல்களின் வாலில் லேசான மின்சாரம் கொடுத்துப் பழக்கினார். பழகாத கடல் முயலைத் தொட்டால் ஒரு நொடி சுருங்கிவிட்டுப் பழைய நிலைக்கு வந்துவிடும். பழகியது கிட்டத்தட்ட 50 நொடி சுருங்கியே கிடக்கும். பழகியவற்றின் நரம்புகளிலிருந்து ஆர்.என்.ஏ.வை எடுத்து, பழகாதவற்றுக்குள் செலுத்தினார். அவையும் ஏறக்குறைய 40 நொடி சுருங்கின.

ஐம்பது வருடத்துக்கு முன்பு மூடிவைத்த கதவை யாரோ திரும்பத் தட்டியது போலிருந்தது. இங்கேதான் நிதானமாகப் பார்க்க வேண்டும். அந்த ஆர்.என்.ஏ. ஒரு வாய்க்கால் இல்லை. மேலிடத்திலிருந்து அப்பாவுக்கு வரும் சீட்டு மாதிரி அது: ‘ஷட்டரை இவ்வளவு ஏற்று’. சீட்டைப் படித்துவிட்டு ஏற்றுவது அங்கே இருக்கும் ஷட்டரைத்தான். புதிதாக ஆறு வெட்ட அந்தச் சீட்டால் முடியாது. டி.என்.ஏ. மேல் சின்ன ரசாயன முத்திரை விழுந்து, எந்தப் பகுதி வேலை செய்ய வேண்டும் என்று மாறும் ஒரு முறை உண்டு. அந்த முத்திரை விழுவதைத் தடுத்தபோது ஆர்.என்.ஏ. பலிக்கவில்லை என்று கிளான்ஸ்மன் குழுவே காட்டியது. சீட்டு போய்ச் சேர்ந்தாலும், உள்ளே அதை நிறைவேற்ற ஆள் வேண்டும் என்பது இதிலிருந்து தெரிகிறது.

அதோடு, போய்ச் சேர்ந்தது ‘எச்சரிக்கையாக இரு’ என்ற பொதுவான கூச்சம் மட்டுமே. எப்போது, எங்கே, யார் மின்சாரம் கொடுத்தார்கள் என்ற கதை போய்ச் சேரவில்லை. அந்தக் கடல் முயலுக்கு அப்படியொரு கதை உண்டா என்பதே வேறு கேள்வி. நினைவின் வேர் சினாப்ஸில் இல்லை, செல்லின் கருவுக்குள்தான் என்பது கிளான்ஸ்மனின் கருத்து. துறையில் பலர் அதை ஏற்கவில்லை. தட்டைப்புழுவும் திரும்பி வந்தது: 2013-இல் ஷோம்ரத், லெவின் இருவரும் பழகிய புழுக்களின் தலையை வெட்டிவிட்டு, புதுத் தலை முளைத்த பிறகு சோதித்தார்கள். ஒரு முறை நினைவூட்டியதும் அவை புதிய புழுக்களைவிடச் சுறுசுறுப்பாகப் பழகின. தலையே போன பிறகும் ஏதோ ஒன்று உடம்பில் மிஞ்சுகிறது. அது என்ன என்பது இன்னும் திறந்தே கிடக்கும் கேள்வி.

மனிதரிடம் வரும்போது வேறு ஒரு சிக்கலும் இருக்கிறது. படத்தில் ஞாபகம் என்பது பெட்டிக்குள் வைத்த பிலிம் சுருள் மாதிரி, எடுத்து ஓட்டினால் ஓடுகிறது. நம் ஞாபகம் அப்படி இல்லை. 1977 நவம்பரில் நாகப்பட்டினத்தை அடித்த புயலைப் பற்றி அப்பா நூறு முறை சொல்லியிருப்பார். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது கேட்ட கதையில் தண்ணீர் முழங்கால் அளவு. கல்லூரிக்குப் போன காலத்தில் இடுப்பளவு. என் அண்ணனுக்குச் சொன்ன கதையில் அவர் ஒரு கன்றுக்குட்டியைத் தூக்கிக் கரையேற்றியிருக்கிறார். எனக்குச் சொன்னதில் அந்தக் கன்று இல்லை. அப்பா பொய் சொல்பவர் இல்லை. ஒவ்வொரு முறை நினைக்கும்போதும் மூளை அந்தத் தடத்தை இளக்கி, கொஞ்சம் மாற்றி, திரும்ப இறுக்குகிறது. மண் கரையை ஒவ்வொரு வருடமும் உடைத்துக் கட்டுவது மாதிரி. அப்படியிருக்க எதை எடுத்து இன்னொருவருக்குக் கொடுப்பது? முழங்கால் தண்ணீரையா, இடுப்புத் தண்ணீரையா?

இதைவிடப் பெரிய தடை ஒன்று. கோரையாற்றின் வரைபடத்தை அப்படியே தாமிரபரணிக் கரையில் கொண்டுபோய் விரித்தால் ஒரு சொட்டு பாயாது. மேடு பள்ளம் வேறு. உங்கள் மூளையில் ‘அம்மா’ என்பது எந்தெந்தச் செல்களோடு பின்னியிருக்கிறதோ, அதே செல்கள் என் மூளையில் இல்லை. ஒரு ஞாபகத்தின் இணைப்புகளைத் துல்லியமாகப் படித்து எழுதிவைத்தாலும், அதை இன்னொருவர் தலையில் எங்கே நடுவது? அவருடைய வாழ்நாள் முழுவதும் வெட்டிய வாய்க்கால்கள் அங்கே ஏற்கெனவே இருக்கின்றனவே. அந்தப் படத்தில் எனக்கு உண்மையாகப் பட்ட இடம் இதுதான்: ரகசியத்தை மட்டும் தனியாகப் பிரித்து எடுக்க முடியவில்லை. ஒரு மடையை இழுத்தால் பின்னாலேயே முழு ஆறும் வருகிறது.

இவ்வளவும் கேட்டுவிட்டு அவள் சொன்னாள்: “தாத்தாவுக்குப் பேரெல்லாம் மறந்துபோச்சு. ஆனா துண்டை மடிக்கிறது, பீடி பத்த வைக்கிறது எல்லாம் மறக்கலையே.”

நல்ல கேள்வி. அதற்குப் பதில் ஹென்றி மோலைசன் என்ற அமெரிக்கரின் வாழ்க்கையில் இருக்கிறது. வலிப்பு நோயைக் குணப்படுத்த 1953-இல் அவருடைய மூளையின் இரண்டு பக்கமும் ஹிப்போகாம்பஸ் பகுதியின் பெரும் பங்கை வெட்டி எடுத்தார்கள். கடல்குதிரை வடிவில் இருக்கும் பகுதி அது. அன்றிலிருந்து 2008-இல் இறக்கும்வரை அவரால் புதிய நிகழ்ச்சி எதையும் நினைவில் வைக்க முடியவில்லை. பிரெண்டா மில்னர் என்ற ஆய்வாளர் அவருக்கு ஒரு பயிற்சி கொடுத்தார்: கண்ணாடியில் தெரியும் பிம்பத்தை மட்டும் பார்த்துக்கொண்டு ஒரு நட்சத்திரத்தின் ஓரத்தில் கோடு போட வேண்டும். மூன்று நாளில் கை நன்றாகத் திருந்தியது. ஆனால் ஒவ்வொரு நாளும், இதை நான் முன்பு செய்ததே இல்லை என்றார். நடந்ததை நினைவில் வைக்கும் வாய்க்கால் வேறு, கை கற்றுக்கொள்ளும் வாய்க்கால் வேறு. கையின் பழக்கம் சிறுமூளையிலும், மூளையின் நடு ஆழத்தில் இருக்கும் அடித்தளத் திரள்களிலும் தங்குகிறது. அல்சைமர் வகை மறதி நோய் ஹிப்போகாம்பஸ் பக்கத்தை முதலிலேயே தாக்குவதால், புதிய விஷயங்கள் முதலில் மறந்துபோகின்றன. பழைய கைப்பழக்கம் நெடுநாள் நிற்கிறது.

ஜூனில் மேட்டூர் திறந்து, தண்ணீர் எங்கள் பக்கம் வந்த அன்று அப்பாவைத் தலைப்புக்குக் கூட்டிப்போனோம். “இது எந்த ஊரும்மா?” என்று என்னைக் கேட்டார். இப்போது அங்கே இருக்கும் லஸ்கர் அப்பாவிடம் வேலை பழகியவர். “வாங்கண்ணே” என்று கையைப் பிடித்து ஷட்டரின் கைப்பிடியில் வைத்தார். அப்பா இரண்டு கையாலும் பிடித்து, உடம்பைக் கொஞ்சம் சாய்த்துச் சுற்ற ஆரம்பித்தார். மெதுவாக, ஒரே சீராக. கீழே தண்ணீர் இரைச்சல் மாறியது. அப்பா நிறுத்தினார். தலையைச் சாய்த்துக் கொஞ்ச நேரம் கேட்டார்.

“இதுக்கு மேல தூக்குனா கோரையாத்துக்குப் பத்தாது” என்றார்.

லஸ்கர் அளவுகோலை எட்டிப் பார்த்துவிட்டுத் தலையாட்டினார். அண்ணன் மகள் அப்பா பக்கத்தில் போய் நின்று, “எந்தச் சத்தம் தாத்தா? திரும்ப ஒரு தடவை காட்டுங்க” என்று கைப்பிடியில் தன் கையையும் வைத்தாள்.